மவுண்ட்டில் ஏறும் அக்கா

இது எனக்கு நடந்தது இல்லை. கோடம்பாக்கத்தில் நான் தங்கியிருக்கும் பெண்கள் விடுதியில், என் பக்கத்துக் கட்டில்காரி பச்சையம்மாள் சொன்னது. அன்று வேலை முடிந்து வந்தவள் கழுத்தில் காய்ந்த சந்தனத்தோடு கட்டிலில் உட்கார்ந்து, செருப்பைக்கூடக் கழற்றாமல் சொல்லிக்கொண்டே போனாள். முதலில் ‘அவள் ஓடினாள், அவள் பயந்தாள்’ என்றுதான் எழுதிப் பார்த்தேன். எழுத எழுத வண்டி நின்றுபோனது. அதனால் ‘நான்’ என்று எழுதுகிறேன். இந்த ‘நான்’ பச்சையம்மாள். அவளும் என்னைப் போலவே தன் வீட்டில் முதல் பட்டதாரி. இரண்டு பேரும் பயப்படுகிற விதம் ஏறக்குறைய ஒன்று. அவள் பயத்தில் எங்கேயாவது என்னுடையது கலந்திருந்தால் அது என் பிழை.

பிளாட்பாரத்துத் தண்ணீர்க் குழாய்க்கு நேராக நின்றால் லேடீஸ் பெட்டியின் கதவு என் மூக்குக்கு முன்னால் வந்து நிற்கும், தினமும் நிற்கும், இன்றைக்கு வந்து நிற்பது ஜெனரல், கதவு நிறைய ஆண்கள், மடித்த பேப்பரோடு ஒருவர் ஏறும்மா ஏறு என்று நகர்ந்து வழி விடுகிறார், இல்லை, இது இல்லை, லேடீஸ் எங்கே, முன்னால், இன்னும் முன்னால், ஓடு. ஓடுகிறேன், ஒரு கையில் பை, ஒரு கையில் சந்தனக் கிண்ணம், பன்னீர் விட்டுக் குழைத்து மேலே வெற்றிலை போட்டு மூடியது, வெற்றிலை பறக்கப் பார்க்கிறது, கட்டைவிரலால் அழுத்திக்கொண்டு ஓடுகிறேன், நடுவில் ஒரு முழுப் பெட்டியைத் தாண்டி அதற்கு அடுத்ததில்தான் நம்முடைய கதவு, உள்ளேயிருந்து பிலோமினா அக்காவின் கை வந்து முழங்கையைப் பிடித்து உள்ளே இழுத்துப் போட்டது. “ஏ கோடம்பாக்கம், எங்கடி நின்ன, சினிமா ஷூட்டிங் பாத்துக்கினு நின்னியா?” எங்கே நிற்பேன், நிற்கிற இடத்தில்தான் நின்றேன் என்று சொல்ல மூச்சு இல்லை. கோடம்பாக்கம் என்பது நான். இந்தப் பெட்டியில் யாருக்கும் பெயர் கிடையாது, ஏறுகிற ஸ்டேஷன்தான் பெயர், பிலோமினா அக்கா ராயபுரத்திலிருந்து வந்து பீச்சில் ஏறுவதால் பீச்சு. எனக்கு இது பிடிக்கும். பச்சையம்மாள் என்று கூப்பிட்டால் கல்லூரியில் சிரித்தார்கள், கம்பெனியில் பி.அம்மாள் என்று போடலாமா என்று கேட்டார்கள், இங்கே நான் கோடம்பாக்கம், எவ்வளவு பெரிய பெயர். எல்லாரும் காலையில் ஊர் போகிற திசைக்கு எதிர்த் திசையில் தாம்பரம் பக்கம் போகிறவர்கள், அதனால்தான் உட்கார இடம் இருக்கும், சானடோரியத்தில் இறங்கி ஆளுக்கொரு கம்பெனிக்கு ஓடுவோம், அவள் தையல், இவள் பேக்கிங், நான் தரப் பிரிவில் கம்ப்யூட்டர் முன்னால். ஒருத்தி கம்பெனிக்குள் இன்னொருத்தி நுழைய முடியாது, ஒருத்தி வீட்டை இன்னொருத்தி பார்த்ததில்லை, எங்கள் எல்லாருக்கும் பொதுவாக இருக்கிற வீடு இந்தப் பெட்டி ஒன்றுதான். இன்றைக்கு இந்த வீட்டில் விசேஷம். பீச்சு மடியில் தூக்கு, எதிர் சீட்டில் இன்னும் இரண்டு தூக்கு, புளியோதரை வாசனை மூடியை மீறி வருகிறது, தேங்காய் சாதமும் சர்க்கரைப் பொங்கலும் இருக்கிறதாம், விடியும் முன்னே எழுந்து செய்தாளாம். “எங்க மாதாவும் புள்ளத்தாச்சியாத்தான் ஊர் ஊரா அலைஞ்சா, யார் வளையல் போட்டது பாவம்,” என்கிறாள், சிரிக்கிறேன், நெஞ்சு இன்னும் ஓட்டத்திலேயே இருக்கிறது, வண்டி நின்ற இடம் ஏன் மாறியது என்று ஒரு சின்ன முள் எங்கோ குத்துகிறது, ஆனால் சந்தோஷம் பெரியதாக இருப்பதால் முள்ளைப் பார்க்கவில்லை.

மாம்பலம் வருகிறது, நஸ்ரின் வர வேண்டும், வளையல் அவளிடம். மாம்பலம் மாமி என்று பெயர் வைத்ததும் பீச்சுதான், எந்த மாமி பிரியாணி எடுத்து வருவாள் என்று நஸ்ரினே கேட்டுச் சிரிப்பாள், ஆனால் மாமி என்று கூப்பிட்டால்தான் திரும்புவாள். வளையல் சைஸில் எவ்வளவு சண்டை, மவுண்ட் அக்காவுக்குக் கை வீங்கியிருக்கிறது, பழைய சைஸ் ஏறாது, கேட்டால் தெரிந்துவிடும், நஸ்ரின் ஒரு நாள் விளையாட்டுபோல் அக்காவின் கையைத் தன் விரலால் வளைத்துப் பிடித்துப் பார்த்துவிட்டு அந்த விரல் வளையத்தைப் பிரிக்காமலே ரங்கநாதன் தெரு வரை போனதாகச் சொன்னாள், பொய்யாக இருக்கும், நல்ல பொய். மவுண்ட் அக்கா எங்கோ அரும்பாக்கம் பக்கத்திலிருந்து மெட்ரோவில் வந்து மவுண்ட் என்கிற பரங்கிமலையில் இறங்கி, படி இறங்கி, இந்த வண்டிக்கு மாறுகிறவள், முன்பெல்லாம் இலவச பஸ், வயிறு தெரிய ஆரம்பித்ததும் குலுங்கக் கூடாது என்று புருஷன் மெட்ரோவில் போகச் சொல்லிவிட்டான். அவன் சாப்பாடு டெலிவரி செய்கிறவன், இரண்டு பேருக்கும் ஒரே போன், போன் அவனிடம்தான் இருக்கும், அவள் கம்பெனியில் போனை உள்ளே விடமாட்டார்கள் என்பதால் அவளுக்கும் அது குறையில்லை. காதல் கல்யாணம், இரண்டு வீடும் வரவில்லை, இன்னும் வரவில்லை. ஒரு நாள் இதே சீட்டில் மாங்காய்க் கீற்றைக் கடித்துக்கொண்டு, யாரோ கேட்டதற்கு, “எனக்கு யாரு வளைகாப்பு போடப் போறா, கழுத்துல கம்பெனி ஐடி கார்டு போட்டாங்க, அதுவே போதும்,” என்றாள், சொல்லிவிட்டு அவளே சிரித்தாள், நாங்களும் சிரித்தோம், பீச்சு மட்டும் சிரிக்காமல் ஜன்னலையே பார்த்துக்கொண்டு வந்தாள். அன்று சாயங்காலம் அக்கா மவுண்ட்டில் இறங்கிப் போனதும், “நாம போடறோம். வாயைத் தொறந்தீங்க, கொன்னுடுவேன்,” என்றாள். நாளைக்கு அக்காவுக்கு லீவு ஆரம்பிக்கிறது, இன்றைக்கு விட்டால் இல்லை. ஆளுக்கொரு வேலை பிரித்தபோது எனக்கு எதுவும் மிஞ்சவில்லை, ஹாஸ்டலில் அடுப்பு மூட்டக் கூடாது, வளையல் வாங்கத் தெரியாது, பாட்டுப் பாட வராது, சரி, நீ சந்தனம் எடுத்தாந்துடு, அப்புறம் பொண்ணைக் கரெக்டா நம்ம பெட்டியில ஏத்திடு, அது உன் பொறுப்பு, என்றாள் பீச்சு. சில நாள் அக்கா முன்னால் வரை நடக்க முடியாமல் படிக்கட்டுக்குப் பக்கத்தில் எது நிற்கிறதோ அதில் ஏறிக்கொள்வாள், அதனால்தான் அந்தப் பொறுப்பு. சின்ன வேலை. எல்லாவற்றிலும் சின்ன வேலை என்னுடையது. நேற்று சாயங்காலம் அதையும் முடித்துவிட்டேன், “நாளைக்கு டீக்கடைக்கு நேரா நில்லுங்கக்கா, அங்கேருந்து நகராதீங்க, சீட்டு புடிச்சு வைக்கிறேன்,” என்றேன், எதுக்குடி இவ்வளவு உபசாரம் என்றாள், சும்மாதான் என்றேன், குரல் நடுங்கவில்லை, எனக்கே பெருமையாக இருந்தது. நஸ்ரின் உள்ளே வந்து விழுகிறாள், பர்தா ஒரு பக்கம், வளையல் பொட்டலம் நெஞ்சோடு. “ஏண்டி, இன்னிக்கு வண்டி எங்க போய் நிக்குது? நான் நிக்கற எடத்துல ஆம்பளப் பொட்டி. ரெண்டு பொட்டி ஓடியாந்தேன், ஒரு வளையல் ஒடஞ்சிருந்தா நீங்கதான் பொறுப்பு.” பீச்சு கையை வீசி, “தினம் ஒம்பது பொட்டி வரும், இன்னிக்குப் பன்னெண்டு. நீட்டா போய் முன்னாடி நிக்குது. நல்லதாச்சு, எடம் தாராளம்,” என்றாள்.

பன்னிரண்டு. அந்த முள் இப்போதுதான் முழுதாக உள்ளே போகிறது. நான் நிற்கிற இடத்தில் லேடீஸ் இல்லை, நஸ்ரின் நிற்கிற இடத்தில் லேடீஸ் இல்லை, அப்படியானால் டீக்கடைக்கு நேராகவும் லேடீஸ் இருக்காது. அக்கா அங்கே நிற்பாள். நகராதீங்க என்று சொல்லியிருக்கிறேன். ஏன் அந்த வார்த்தையைச் சொன்னேன், நில்லுங்க என்றால் போதாதா, நகராதீங்க எதற்கு. என் வார்த்தையை யாராவது அப்படியே கேட்பார்கள் என்று எனக்குத் தோன்றுவதே இல்லை, ஆனால் கேட்கிறார்கள், அதுதான் பயம். கல்லூரியில் சேர வந்த அன்று அப்பாவைக் கொடிக்கம்பத்துக்குப் பக்கத்தில் நிற்க வைத்துவிட்டு உள்ளே போனேன், செங்கல் சூளை வேலைக்கு ஒரு நாள் லீவு சொல்லிவிட்டு வெள்ளை வேட்டியில் வந்திருந்தார், ஒவ்வொரு அறையாகப் போய் வெளியே வந்தபோது நிழல் எங்கோ நகர்ந்துபோய் அப்பா வெயிலில் நின்றுகொண்டிருந்தார், நாலடி தள்ளி வேப்பமரம், மரத்தடியில் ஊரே உட்கார்ந்திருக்கிறது, ஏம்ப்பா அங்க போயிருக்கலாமே என்றால், “நீ இங்க நிக்கச் சொன்னியே,” என்றார், கோபமாகக்கூட இல்லை. எங்கள் வீட்டில் நான் சொன்னால் அது கவர்ன்மெண்டு சொன்ன மாதிரி. படிச்ச பொண்ணு சொல்லிடுச்சு. அக்காவும் நேற்று அதையேதான் சொன்னாள், படிச்ச பொண்ணு சொன்னா சரியாத்தான் இருக்கும் என்று, நான் சிரித்தேன். சைதாப்பேட்டை வந்துவிட்டது, போய்விட்டது, பாலம், அடையாற்றுத் தண்ணீரின் வாடை, பாலத்தில் வண்டியின் சத்தம் மாறுகிறது, தடதட என்பது திடீரென்று வெறுமையாகக் கேட்கிறது, கிண்ணத்தில் சந்தனம் மேல் என் கட்டைவிரல் ரேகை. அக்கா டீக்கடைக்கு நேராக நிற்கிறாள், வண்டி வருகிறது, எதிரே ஜெனரல், அவள் லேடீஸைத் தேடுகிறாள், பார்க்கிறாள், முன்னால் இருக்கிறது, சீட்டு பிடித்து வைத்திருக்கிறாளே கோடம்பாக்கம், பாவம், என்று ஓடுகிறாள், எட்டு மாதம், ஓடுகிறாள், ஒரு கையால் வயிற்றைத் தாங்கிக்கொண்டு, பிளாட்பாரத்துக்கும் படிக்கும் நடுவில் இருக்கிற அந்தச் சந்து, வேண்டாம், அதை நினைக்காதே, நினைத்தால் நடந்துவிடும், இல்லை நினைப்பதால் எதுவும் நடக்காது, பி.எஸ்ஸி. கணிதம் படித்தவள் இப்படி நினைக்கலாமா. ஓடாவிட்டால்? ஜெனரலில் ஏறிக்கொள்வாள், எதில் என்று தெரியாது, சானடோரியத்தில் இறங்கிக் கூட்டத்தோடு போய்விடுவாள், பிளாட்பாரத்தில் வைத்து வளையல் போட முடியுமா, கேட் மூடுகிற நேரம், ஆளாளுக்குப் பஞ்ச் வைக்க ஓட வேண்டும், புளியோதரை ஆறிப்போகும், வளையல் பொட்டலம் நஸ்ரின் வீட்டு அலமாரியில் தூங்கும், ஒருத்திக்கு வாழ்க்கையில் ஒரு தடவை, அதையும் நான் ஒரு டீக்கடைக்கு நேராக நிற்க வைத்துக் கெடுத்துவிட்டேன். இரு. பயப்படாமல் எண்ணு. எனக்கு எண்ண வரும், எனக்கு வருகிற ஒன்றே ஒன்று அதுதான்.

நான் நின்ற இடத்தில் ஒரு ஜெனரல், நடுவில் ஒரு பெட்டி, அதற்கு அடுத்து லேடீஸ். நஸ்ரினுக்கும் இரண்டு பெட்டி. இரண்டு ஸ்டேஷனிலும் ஒரே தள்ளல். அப்படியானால் மவுண்ட்டிலும் அதே தள்ளல், டீக்கடைக்கு நேராக நிற்கப்போவது இங்கிருந்து இரண்டாவது பின்பெட்டி, கோடம்பாக்கத்தில் பேப்பர்காரர் வழி விட்ட அதே பெட்டி. அக்காவை இங்கே கொண்டுவர முடியாது. இங்கே இருப்பதை அங்கே கொண்டுபோக முடியும். இது எப்படித் தோன்றியது என்று தெரியவில்லை, தோன்றியதும் உடம்பு முழுக்கக் கொதித்தது, காது சூடாகிவிட்டது, பரீட்சையில் கடைசிக் கணக்கு திடீரென்று விழுகிறபோது வருமே, அந்தச் சூடு. ஆனால் இரண்டு ஸ்டேஷன் போதுமா, மவுண்ட் பிளாட்பாரம் வேறு மாதிரி இருந்தால், சொல்லிவிட்டுத் தப்பாகப் போனால், நஸ்ரினையும் பீச்சையும் தூக்குகளோடு ஓட வைத்துத் தப்பாகப் போனால். வாயை மூடிக்கொண்டிருந்தால் யாரும் என்னைக் குறை சொல்லப்போவதில்லை, வண்டி நீளமாக வந்தது நான் செய்த தப்பா. கிண்டி தெரிகிறது. “பீச்சுக்கா,” என்றேன், என் குரல் எங்கேயோ மேலே போய் உடைந்தது, “அக்கா நிக்கற எடத்துல நம்ம பொட்டி நிக்காது. ரெண்டு பொட்டி பின்னாடி இருக்கறதுதான் நிக்கும். கிண்டில எறங்கி நாம அதுல ஏறிக்கணும்.” நஸ்ரின், “அது ஆம்பளப் பொட்டிடி,” என்றாள். “தெரியும் மாமி.” “நிச்சயமா?” என்றாள் பீச்சு, முகத்தைப் பார்த்தாள், முகத்தை மட்டும்தான் பார்த்தாள், எப்படி என்று கேட்கவில்லை, கேட்டிருந்தால் விளக்கியிருப்பேன், விளக்கினால் பயம் குறைந்திருக்கும். நிச்சயமில்லை என்பதுதான் உண்மை, இரண்டு தடவை நடந்தது மூன்றாவது தடவையும் நடக்கும் என்பதற்கு நிரூபணம் இல்லை என்று வாத்தியார் கரும்பலகையில் எழுதிப் போட்டிருக்கிறார், “நிச்சயமா தெரியாதுக்கா, அப்படித்தான் இருக்கும்னு கணக்கு சொல்லுது,” என்றேன். பீச்சு எழுந்தாள். “படிச்ச பொண்ணு சொல்லிடுச்சு. தூக்குங்கடி!” ஐயோ, அந்த வார்த்தை. அதற்குள் கிண்டி, கூட்டம் இறங்குகிறது, கூட்டத்தோடு நாங்கள், பீச்சு தலைக்கு மேல் புளியோதரையைத் தூக்கிக்கொண்டு, “வழி வுடு, வழி வுடு, சுடுசோறு!” என்று கத்திக்கொண்டு எதிரே வருகிற மொத்தக் கிண்டியையும் பிளந்துகொண்டு போகிறாள், நஸ்ரின் பொட்டலத்தைக் குழந்தைபோல் அணைத்துக்கொண்டு, “மெதுவாடி, கண்ணாடி, கண்ணாடி,” என்கிறாள், என் ஒரு கையில் தூக்கு, ஒரு கையில் சந்தனம், ஒரு பெட்டி, நடுவில் யாரோ கால் தட்டி, இரண்டாவது பெட்டி, கதவு, ஏறு. ஹாரன். சிரித்துக்கொண்டிருக்கிறேன், எதற்கு என்று தெரியாமல், பள்ளிக்கூடத்து ஓட்டப்பந்தயத்தில்கூட நான் ஓடினதில்லை.

“யம்மா, லேடீஸ் முன்னாடி இருக்கு,” என்றார் அதே பேப்பர்காரர். “தெரியும். இன்னிக்கு இதுதான் பொண்ணு வூடு, எந்திரி,” என்றாள் பீச்சு. “பொண்ணு எங்க?” “மவுண்ட்ல ஏறும்.” “அப்போ நாங்க யாரு?” என்று கதவோரத்திலிருந்து ஒருவன் கேட்டான். “நீங்க மாப்பிள்ளை வூடு. ஒண்ணுத்துக்கும் ஒதவாம பாத்துக்கினு நிப்பீங்களே, அது.” பெட்டியே சிரித்தது, இரண்டு சீட்டு காலியானது, யாரோ ஒரு துண்டை எடுத்து சீட்டைத் துடைத்தார், பீச்சு தட்டை எடுத்து வைத்தாள், நஸ்ரின் பொட்டலத்தைப் பிரித்து ஒன்றொன்றாக வெளிச்சத்தில் பார்த்தாள், பச்சை, சிவப்பு, பச்சை, ஒன்றுகூட உடையவில்லை, அல்லாவே என்றாள். நான் கதவில் நிற்கிறேன். காற்று. இப்போது தப்பாகப் போனால் இத்தனை பேர் முன்னால் தப்பாகப் போகும், லேடீஸிலாவது நாங்கள் மட்டும்தான் இருந்தோம், இங்கே எழுபது ஆண்கள் என் கணக்கைத் திருத்தப்போகிறார்கள். வேகம் குறைகிறது. மேலே மெட்ரோவின் பெரிய கூரை, அங்கிருந்து இறங்கும் படிக்கட்டு, படிக்கட்டு நகர்கிறது, தூண்கள், ஒவ்வொரு தூணும் மெல்ல, டீக்கடை தெரிகிறது, பாய்லரின் ஆவி தெரிகிறது, வருகிறது, வருகிறது, நின்றது, கதவுக்கு நேராக டீக்கடை, அப்படியே நேராக, கணக்கு சரி, கணக்கு சரி, டீக்கடைக்கு நேராக யாரும் இல்லை. ஒரு நாய். ஒரு மனிதர் டீயை ஆற்றுகிறார். அக்கா இல்லை. என் உடம்பில் இருந்த சூடு எல்லாம் காலில் இறங்கிவிட்டது. வரவில்லை, வலி வந்துவிட்டது, விழுந்துவிட்டாள், லீவு இன்றைக்கே ஆரம்பித்துவிட்டது, நேற்றே என்னிடம் சொல்லியிருப்பாள், நான்தான் டீக்கடை டீக்கடை என்று பேசிக் கேட்காமல் விட்டிருப்பேன். அப்போது பார்த்தேன். முன்னால், ஒரு பெட்டி தள்ளி, மஞ்சள் புடவை, இடுப்பில் கை, மெதுவாக, ஓடாமல், வாத்துபோல் நடந்துபோகிறாள், லேடீஸைத் தேடி. அவளுக்குத் தெரியும். வண்டி தூரத்தில் வரும்போதே நீளத்தைப் பார்த்துவிட்டு நடக்க ஆரம்பித்திருப்பாள், எத்தனை வருஷமாக இந்தத் தடத்தில் வருகிறவள், நகராதே என்றால் நகராமல் நிற்பதற்கு அவள் என்ன என் அப்பாவா. எவ்வளவு நிம்மதி, எவ்வளவு பெரிய குழப்பம். “மவுண்ட்!” என்று கத்தினேன். “மவுண்ட்! மவுண்ட்!” பிளாட்பாரத்தில் பத்துப் பேர் என்னைப் பார்த்தார்கள், மவுண்ட்டுதாம்மா, எறங்கு என்றார் டீ ஆற்றுகிறவர். பெயர் தெரியாது. ஒரு வருஷமாகப் பக்கத்தில் உட்கார்ந்து மாங்காய் தின்றவளின் பெயர் எனக்குத் தெரியாது. சந்தனக் கிண்ணத்தைப் பேப்பர்காரர் கையில் திணித்துவிட்டுக் குதித்தேன், ஓடினேன், இன்றைக்கு மூன்றாவது ஓட்டம், தோளைத் தொட்டேன், திரும்பினாள், “ஏய், எங்கடி எறங்கிட்ட, சீட்டு என்னாச்சு?” என்றாள். ஹாரன். இங்கே எது கதவோ அது, நடுப்பெட்டி, அதுவும் ஜெனரல், முதலில் அவள், நான் பின்னால் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு, அவள் விழுந்தால் என் மேல் விழட்டும், கை கொடுங்க கை கொடுங்க என்கிறேன், உள்ளேயிருந்து நாலைந்து கைகள், ஏறிவிட்டாள், நான் ஏறிவிட்டேன், வண்டி நகர்கிறது. பொண்ணு நடுப்பெட்டியில். வளையல் பின்பெட்டியில். பிடித்த சீட்டு முன்பெட்டியில். நான் அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன்.

யாரோ எழுந்து அக்காவை உட்கார வைத்தார்கள். “மூஞ்சி ஏண்டி இப்படி இருக்கு, திட்டினாங்களா?” என்று அவள் என்னைத் தேற்றுகிறாள். இல்லக்கா. என்ன சொல்வது, சொல்லக் கூடாது, சொன்னால் பீச்சு கொன்றுவிடுவாள், சொல்லாவிட்டால் பீச்சுக்கு நாங்கள் எங்கே ஏறினோம் என்று தெரியுமா, பார்த்திருப்பாளா, நான் குதித்ததைப் பார்த்திருப்பாள், எதில் ஏறினேன் என்று தலையை நீட்டிப் பார்த்திருப்பாள், பார்க்காவிட்டால், அடுத்த ஸ்டேஷன் பழவந்தாங்கல், உடனே வரும், அங்கே நான் இறங்கி ஓட வேண்டும், அக்காவை விட்டுவிட்டு ஓடினால் அக்கா பின்னாலேயே எழுந்து வருவாள். பழவந்தாங்கல். கதவுக்கு வந்து தலையை நீட்டினேன். பின்பெட்டியிலிருந்து இறங்கிவிட்டார்கள். முதலில் பீச்சு, கையில் தட்டு, தட்டில் வெற்றிலை, பூ, அவள் ஓடவில்லை, ஏன் ஓடவில்லை, ஓடு அக்கா ஓடு, அவள் நடக்கிறாள், நிமிர்ந்து, கல்யாண மண்டபத்துக்குள் நுழைகிற மாதிரி வேகமாக நடக்கிறாள், பின்னால் நஸ்ரின் வளையல்களைக் கயிற்றில் கோத்துத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, அவளுக்குப் பின்னால் பேப்பர்காரர் என் சந்தனக் கிண்ணத்தோடு, அதற்கும் பின்னால் கதவோரத்துக்காரன் புளியோதரையோடும், முகம் தெரியாத இரண்டு பேர் ஆளுக்கொரு தூக்கோடும். சீர் வருகிறது. பொண்ணு இருக்கிற இடம் தேடி சீர்தான் வர வேண்டும், பொண்ணு எங்கே வரும், என் கணக்கில் அது இல்லை, நான் போட்ட கணக்கெல்லாம் பொண்ணை எப்படி ஏற்றுவது என்றே இருந்தது. அக்கா என் தோளுக்கு மேல் எட்டிப் பார்க்கிறாள், “யார் வீட்டு விசேஷம்டி, ட்ரெயின்ல?” என்கிறாள், நான் கதவை விட்டு நகர்ந்து வழி விட்டேன். பீச்சு ஏறினாள். தட்டை நீட்டினாள். “தள்ளுங்கப்பா, எங்க பொண்ணு எங்க உட்கார்ந்திருக்கு?” அக்கா தட்டைப் பார்த்தாள், நஸ்ரின் கையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மறுபடி தட்டைப் பார்த்தாள், முந்தானையை எடுத்து வாயை மூடிக்கொண்டாள், முந்தானைக்குள்ளிருந்து ஒரு சத்தம், அது சிரிப்பில்லை. “அழாத, அழுதா கை வீங்கும், வளையல் ஏறாது,” என்றாள் நஸ்ரின், அப்படி எதுவும் கிடையாது, நல்ல பொய். நான் கன்னத்தில் சந்தனம் வைத்தேன், வண்டி கிளம்பிய உலுக்கலில் மூக்கிலும் பட்டது, அவள் அதே சந்தனத்தை எடுத்து என் கழுத்தில் பூசினாள். முதல் வளையல் கட்டைவிரல் மேட்டில் நின்றுவிட்டது, எல்லாரும் மூச்சைப் பிடித்தார்கள், மாப்பிள்ளை வீடு முழுவதும், நஸ்ரின் நாலு விரலையும் குவித்துப் பிடித்து ஒரு அழுத்து அழுத்தினாள், போனது, பெட்டி முழுக்க ‘ஹா’ என்றது. பச்சை, சிவப்பு, பச்சை. “பொண்ணு பேரு என்னம்மா, வாழ்த்தணும்ல,” என்றார் பேப்பர்காரர். நாங்கள் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்தோம். “எங்க வூட்ல மவுண்ட்டுன்னுதான் கூப்புடுவோம்,” என்றாள் பீச்சு, அசரவே இல்லை. அக்கா வளையல் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “தமயந்தி,” என்றாள், எங்களுக்கும் சேர்த்துத்தான் சொன்னாள், திரிசூலத்தில் தலைக்கு மேல் விமானம் இறங்குகிறது, அந்த இரைச்சலில் பேப்பர்காரர் காதில் விழவில்லை, மவுண்ட் நல்லா இருக்கணும், மவுண்ட் புள்ளையும் நல்லா இருக்கணும் என்றார். வண்டி குலுங்குகிறது, ஒவ்வொரு குலுக்கலுக்கும் இரண்டு கையிலும் சத்தம், அது வயிற்றுக்குள் கேட்குமாம், கேட்கட்டும், புளியோதரை கை மாறிக் கை மாறிப் போகிறது, எனக்கு வந்தபோது வாழையிலைத் துண்டில் ஒரு பிடி, சூடு இருந்தது, இன்னும் சூடு இருந்தது.

பச்சையம்மாள் சொன்னது இவ்வளவுதான். சானடோரியத்தில் எல்லாரும் இறங்கி அவரவர் கம்பெனிக்கு ஓடிவிட்டார்கள். அவளுக்கு அன்று கூடுதல் நேர வேலை, மாலை வண்டியில் அவர்களோடு வரவில்லை. வளைகாப்பு முடிந்தால் பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைத்துப்போக வேண்டுமே, அதற்கு என்ன செய்தார்கள் என்று கேட்டேன். அவள் யோசித்துவிட்டு, தெரியாது என்றாள். எனக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது. அவள் சந்தோஷத்தை அப்படியே எழுதிவிட்டு, அந்த இடத்தைக் காலியாக விட மனம் வரவில்லை. மறுநாள் ரயிலில் அவள் கேட்டதற்கு, “வீட்டுக்கு வந்து பாரு,” என்று மட்டும் பிலோமினா அக்கா சொன்னாளாம். சில வாரம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளையே அழைத்துக்கொண்டு ராயபுரம் போனேன். பிலோமினா அக்காவின் வீட்டு வாசலில் உணவு டெலிவரிப் பெட்டி கட்டிய பைக் ஒன்று நின்றது. உள்ளேயிருந்து கண்ணாடி வளையல் சத்தம் கேட்டது. வளைகாப்பு நடந்த அன்று மாலை மவுண்ட் அக்கா மவுண்ட்டில் இறங்கவில்லை.